மெய்

காமிராவை நிறுத்த இடமில்லை மார்கிதாவுக்கு.
பேக்கரி இருந்த உயரத்தில் இப்போது காற்று.
தீயணைப்புக் கொட்டகையும் காற்று.
ஞானஸ்நானத் தொட்டி இருந்த மூலையில்
ஒரு நாரை, அவசரமில்லாமல், குறுக்கே போகிறது.
ஊரை இடித்தார்கள் என்பது பாதிக் கணக்கு.
ஊர் நின்ற நிலத்தையே அள்ளி எரித்தார்கள்.
லவுசிட்ஸின் பழுப்பு நிலக்கரி,
பெர்லினில் யாரோ குளித்த வெந்நீர்.

முக்காலியை விளிம்பில் ஊன்றி
ஆறு நிமிடம் எடுத்தாள், ஒன்றுமில்லாததை.
"ஃபோகஸ் எதன்மேல்?" என்றான் ஒலிப்பதிவு செய்யும் பெனோ.
"சமையலறை ஜன்னல்."
அவன் ஹெட்போனைக் கழற்றவில்லை.

புதுக் குடியிருப்பில் பன்னிரண்டு பேரைக் கேட்டாள்,
பேருந்து நிறுத்தம் எந்தப் பக்கம் என்று.
ஏழு பேர் இடது என்றார்கள்.
நான்கு பேர் வலது.
ஒருத்தி, ஊருக்குப் பேருந்தே வந்ததில்லை என்று சாதித்தாள்,
அதில் ஏறித்தான் பள்ளிக்கூடம் போனவள்.
லைப்சிக்கிலிருந்து எடிட்டர் எழுதினார்:
ஒன்றை வைத்துக்கொள், மற்றதை வெட்டு.
வெட்டவில்லை.

வலது என்ற நால்வரில் ஒருவர் கீட்டோ.
வாளிச் சக்கர இயந்திரத்தை ஓட்டியவர்,
சொந்த வாசல்வரை.
ஜெர்மனில் ஒழுங்காகத்தான் சொன்னார்:
நான் தோண்டினேன். சம்பளம் நன்றாக இருந்தது.
பிறகு வெள்ளரி ஊறுகாய் ஜாடியின் மூடியோடு
மல்லுக்கட்டும்போது சொர்பிய மொழிக்கு நழுவினார்.
அங்கே வந்து விழுந்தது
மெய்.

அந்த மொழியில் அதற்கு 'இருவராகிய நாங்கள்' என்று பொருள்.
ஒருமைக்கும் பன்மைக்கும் நடுவே
இருவருக்கென்று தனியாக ஓர் எண் வைத்திருக்கிறார்கள்,
மூன்றாவது ஆள் உட்கார முடியாத பெஞ்சுபோல.
சப்டைட்டிலில் அது வெறும் 'நாங்கள்' ஆனதும்
ஊரே கூடித் தோண்டியது போலாகிவிடுகிறது.
தமிழில் எழுத உட்கார்ந்த எனக்கோ வேறு தொல்லை:
நாமா, நாங்களா?
எதிரே கேட்டுக்கொண்டிருப்பவளை
உள்ளே விடுவதா, வெளியே நிறுத்துவதா?
அவர் உச்சரித்தது, என் காதில், மெய்.

நவம்பரில் திரும்பிப் போனாள்.
இன்னொருவர் யார்?
"அப்படியா சொன்னேன்?"
நாய் எழுந்து இடம் மாறிப் படுத்தது.
"பகல் ஷிஃப்ட் நான்.
ராத்திரி யார் என்று உன் வீட்டில் கேள்."

அவள் வீட்டில், நினைவு தெரிந்த நாளாய்,
அப்பா ரயில்வே பணிமனையில் ஃபிட்டர்.
இரவு வேலை. பகலில் திரை இழுத்த அறை.
சத்தம் போடாதே, அப்பா தூங்குகிறார்.

போனில் அவள் ஷிஃப்டைக் கேட்கவில்லை.
கேட்டது பேருந்து நிறுத்தத்தை.
"வலது பக்கம்" என்றார், யோசிக்காமல்.

தெருவில் நடந்தவர்களுக்கு அது இடது.
குழியின் பக்கமிருந்து
ஊரை நெருங்கி வந்தவர்களுக்கு மட்டும்
வலது.

இருவரும் போனை வைக்கவில்லை.
பேசவும் இல்லை.
பெனோ நிறுத்தாமல் விட்ட அந்தப் பத்தொன்பது நொடி
படத்தில் இருக்கிறது, கறுப்புத் திரையாக.
எடிட்டர் இதற்கும் எழுதினார்.

குழிக்கு இப்போது தண்ணீர் விடுகிறார்கள்.
ஏரியாகுமாம். பாய்மரப் படகு, ஐஸ்கிரீம் கடை.
சமையலறைத் தரைவரை ஏறாது என்கிறார் பொறியாளர்,
பதினோரு மீட்டர் கீழேயே நின்றுவிடும்.
ஆனாலும் ஒவ்வொரு ஏப்ரலும் மார்கிதா போய்
கரையில் நட்ட அளவுகோலைப் படமெடுக்கிறாள்.
போன முறை அப்பாவும் கூட வந்தார்.
காரைவிட்டு இறங்கவில்லை.
கண்ணாடியை மட்டும் இறக்கினார்,
வலது பக்கம்.